ஈரம் கழித்த எடை

மருதுபாண்டியின் பெயரைக் கேட்டாலே வீரபத்திரனுக்கு வயிறு எரியும். இருவரும் சிக்கல் ஊர்ப் பங்காளிகள். இருவருக்கும் மிளகாய் வற்றல் வியாபாரம். வீரபத்திரன் தலை நரைக்கிற அளவுக்கு மதுரைக்கு மூட்டை ஏற்றியவர். மருது நேற்று முளைத்தவன். ஆனாலும் மதுரைக் கமிஷன் கடை அகமது கபீர், மருதுவின் மூட்டைகளை எடை போடாமலே இறக்கிக்கொள்வார். வீரபத்திரன் மூட்டை ஒவ்வொன்றும் தராசில் ஏறி இறங்கியாக வேண்டும். இது போதாதென்று வீட்டில் மனைவி இருளம்மாள் வேறு, "கொழுந்தன் யாவாரத்தப் பாத்துப் படிங்க" என்று சோற்றோடு சேர்த்துப் பரிமாறுவாள்.

வற்றலை அப்படியே சாக்கில் திணித்தால் நொறுங்கிவிடும். முதல் நாள் சாயங்காலம் தண்ணீர் தெளித்து, பதமானதும் மூட்டை பிடிப்பது அந்தப் பக்கத்து வழக்கம். ஈரத்தோடு நிற்கிற எடையைத்தான் எல்லோரும் பில்லில் எழுதுவார்கள். மருது மட்டும் தெளித்த தண்ணீரைக் கழித்துவிட்டு எழுதுவான். பைத்தியக்காரன் என்று ஊர் சிரித்தது. வீரபத்திரனும் சிரித்தார், பரமக்குடிச் சாலையில் விற்பனை வரிக்காரர்கள் செக்போஸ்ட் போடுகிற வரைக்கும்.

ஒரு நாள் அங்கே பஸ்ஸை விட்டு இறங்கி, இன்ஸ்பெக்டரின் காதோரம் சொன்னார்: "மருதுபாண்டி லாரி வந்தா எடை போட்டுப் பாருங்க சார். பில்லுல குறைச்சுத்தான் எழுதியிருப்பான்."

பொய் ஒன்றும் சொல்லவில்லையே என்று மனசைத் தேற்றிக்கொண்டு, அன்றைக்கு நிம்மதியாகச் சாப்பிட்டார்.

மருதுவின் அடுத்த லோடு மாட்டியது. எந்த மூட்டையை வைத்தாலும் பில்லைவிட எடை கூடுதல். வரி ஏய்ப்பு என்று லாரியை நிறுத்திவிட்டார்கள். மருது வீரபத்திரனிடம்தான் ஓடிவந்தான்.

"அண்ணே, நீங்க பெரிய யாவாரி. தண்ணி தெளிக்கிற வழக்கத்த நீங்க வந்து சொன்னா அந்த சார் நம்புவாரு. மூட்டைக்குள்ள சரக்கு புழுங்கிப் பூசணம் பூத்துட்டா நான் எந்திரிக்கவே முடியாதுண்ணே."

"நீ போலே, பின்னாலயே வாரேன்" என்றார் வீரபத்திரன். அவன் தவிப்பதைக் கண்ணால் பார்க்க வேண்டுமே!

செக்போஸ்டில், சரக்கு வரக் காணோமே என்று தேடிக்கொண்டு அகமது கபீரும் வந்திருந்தார். வழக்கம் உண்டா என்று இன்ஸ்பெக்டர் கேட்டார்.

"அவன் என்ன செய்யிறான்னு எனக்குத் தெரியாது சார்" என்றார் வீரபத்திரன்.

மருதுவின் முகம் செத்துப்போனது. பிறகு, ஒரு மூட்டையையாவது காயவைத்துப் பார்க்கச் சொல்லிக் கெஞ்சினான். இன்ஸ்பெக்டர் அரை மனசோடு சம்மதித்தார். ரோட்டோரம் படுதாவை விரித்து வற்றலைக் கொட்டினார்கள். ராமநாதபுரத்து வெயிலைப் பற்றிக் கேட்கவா வேண்டும்? பொழுது சாய அள்ளி எடை போட்டால், பில்லில் எழுதிய எடைக்கே வந்து நின்றது. லாரியை விட்டுவிட்டார்கள்.

கபீர் மருதுவின் தோளைத் தட்டிக்கொடுத்தார். அந்தத் தட்டுதலை வீரபத்திரனால் பொறுக்க முடியவில்லை.

"என்ன பாய் பெரிய அதிசயம்? என் சரக்கும் இந்த வழியாத்தான் போகுது. பில்லுக்கும் எடைக்கும் குண்டுமணி வித்தியாசம் இருந்திருக்கா? சாரையே கேளுங்க!"

"ஆமா, இவரு மூட்டை எப்பவும் சரியா நிக்கும்" என்றார் இன்ஸ்பெக்டர்.

கபீர் மெல்லத் திரும்பினார். "இங்க சரியா நிக்கிது, மதுரைக்கு வந்தா குறையிது. வழியில சிந்திருச்சுன்னு நீங்க சொல்ல, பாதி நட்டத்த நான்ல ஏத்துக்கிட்டேன்! அம்புட்டும் தண்ணியாண்ணே?"



"அப்பிடிச் சொல்லாதீக பாய்" என்று மருது குறுக்கே வந்தான். "அண்ணன் தண்ணியே தெளிக்க மாட்டாக. காய்ஞ்ச வத்தலத்தான் ஏத்துவாக. சாக்கு பழசு, அதான் சிந்துது."

அது பொய் என்று கபீருக்குத் தெரிந்தது. ஆனாலும் மருதுவின் முகத்துக்காகத் தலையைக் குனிந்துகொண்டு லாரியில் ஏறிவிட்டார்.

உண்மையாக ஒரு வார்த்தை சொல்ல மருது கூப்பிட்டான், இவர் சொல்லவில்லை. அவனோ இவருக்காகப் பொய்யே சொல்லிவிட்டான். அந்தப் பெரிய மனசைப் பார்த்தும் வீரபத்திரனுக்கு வயிறுதான் எரிந்தது.