வேப்பெண்ணெய் என்று சொன்னான்

...வேப்பெண்ணெய் என்று சொல்லியாயிற்று, டெல்லியிலிருந்து சோதனைக்கு வந்த அம்மாள் அதைத் தாளில் எழுதியும் முடித்துவிட்டாள், இனி திரும்ப எடுக்க முடியுமா... ஏலச்செடிகளுக்கு நடுவே அவளுக்கு வழிகாட்டி நடந்த சூப்பர்வைசர் பவுல்ராஜின் வாயில் அந்த ஒரு சொல்லே கிடந்து உழன்றது. காய் எடுக்கும் செபமாலையம்மாள் சொன்னது வேறு. "மாசம் ரெண்டு வாட்டி வெஷ மருந்து அடிக்காக, மறுநாளே காய் எடுக்க விடுதாக, கையெல்லாம் வெந்து போவுது, அவுககிட்ட சொல்லுய்யா" என்று தோலுரிந்த விரல்களை நீட்டினாள். அவன் ஆங்கிலத்தில் சொன்னபோது விஷம் வேப்பெண்ணெய் ஆயிற்று, வெந்த விரல் செடி உரசிய விரல் ஆயிற்று... எவ்வளவு சரளமாக வந்தது, நாக்கு தடுக்கவே இல்லையே, எப்போது இதற்குத் தயாரானோம்? காலையில் முதலாளி தோளில் கை போட்டாரே, அப்போதா? "அந்தம்மாவுக்குத் தமிழும் வராது, மலையாளமும் வராது. நீ சொல்றதுதான் காதுல விழும். இயற்கை ஏலக்காய்னு சர்ட்டிபிகேட் வரட்டும், ஒண்ணாந்தேதியிலேருந்து நீதான் மேனேஜர்." மகள் ஜிஸ்மியின் படிப்புக்காக என்று வீட்டில் சொல்லிக்கொள்ளலாம், ஆனால் அந்த ஆபீஸ் அறை, அந்தச் சுழல் நாற்காலி, கூலிக்காரராகவே செத்த அப்பா ஒருநாளும் கால் வைக்காத அந்தத் தரை... அது அவனுக்குத்தான் வேண்டியிருந்தது.

ஜீப்பில் ஏறும்போது அந்த அம்மாள் கைகூப்பினாள், நீங்கள் இல்லாவிட்டால் இவர்கள் பேச்சு எனக்கு எப்படிப் புரியும் என்றாள். இப்போதாவது சொல்லலாமே, தப்பாகச் சொல்லிவிட்டேன் மேடம், ஒரே வரி, அவ்வளவுதான்... வாயைத் திறந்தான். வளைவில் மண் சரிந்திருக்கிறது, மெதுவாகப் போங்கள் என்றுதான் வந்தது. ஜீப் இறங்கிப் போனது.

திரும்பினால் செபமாலையம்மாள் நிற்கிறாள். "நான் சொன்னத அப்படியே சொன்னியாய்யா?"

"சொன்னேன் பெரியம்மா."

"அதான் அவுக எழுதிக்கிட்டே இருந்தாக!" என்றவள் செடிகளுக்குள் குனிந்திருந்த பெண்களைப் பார்த்துச் சத்தம் போட்டாள், "ஏட்டி, நம்ம பவுலு எல்லாம் சொல்லிட்டான், இனிமே மருந்த நிறுத்திருவாக!" யாரோ சிரித்தார்கள், யாரோ சேசுவே என்றார்கள். அவனும் தலையை ஆட்டினான், ஏன் ஆட்டினான்... நிறுத்துவார்களா, யார் நிறுத்துவது, அடுத்த மருந்து ஐந்தாம் தேதி அல்லவா, அதற்குள் ஒண்ணாந்தேதி வந்துவிடும், ஐந்தாம் தேதி மருந்தடிக்கச் சொல்லி ஆள் அனுப்ப வேண்டியது மேனேஜர்தானே...