தரையோடு சேர்ந்த நாற்காலிகள்

நகரசபைக்குப் பிரசவ ஆஸ்பத்திரி கட்டிக் கொடுத்தவர் காண்டிராக்டர். அதில் பிறந்த குழந்தைகள் பள்ளிக்கூடம் போக ஆரம்பித்துவிட்டன. அவருடைய பில் மட்டும் இன்னும் குப்புற விழவில்லை.

கேட்கப் போனால் நிதி வரவில்லை என்றார்கள். நிதி வந்தபோது ஆணையர் மாறிவிட்டார் என்றார்கள். வழக்குப் போட்டு ஜெயித்தார். தீர்ப்பையும் கோப்பில் வைத்துக் கட்டினார்கள். கடைசியில், அலுவலகத்தின் தட்டுமுட்டுச் சாமான்களை ஜப்தி செய்யலாம் என்று நீதிமன்றம் உத்தரவு போட்டது.

அவருக்கு நாற்காலி எதற்கு? வேண்டியது அக்காவின் வீடு. கம்பியும் சிமெண்டும் வாங்க அந்த வீட்டுப் பத்திரத்தைத்தான் வங்கியில் அடகு வைத்திருந்தார். மாதக் கடைசியில் ஏலம். அக்கா இதுவரை ஒரு வார்த்தை கடிந்து பேசியதில்லை. அதுதான் அவரை அறுத்தது.

ஜப்திக்கு லாரியும் ஆளும் அவரே கொண்டுவர வேண்டும். கூலி கொடுக்க வழியில்லாமல் பழைய வேலையாட்களிடம் போய் நின்றார். அவர்களுக்கும் அவர் பாக்கிதான். ஆனாலும் ஒருத்தர் விடாமல் லாரியில் ஏறினார்கள். வாய் ஓயாத தச்சர் மட்டும் வழியெல்லாம் வாயைத் திறக்கவில்லை.

உத்தரவோடு வந்த கோர்ட் அமீனா முன்னால் நடந்தார். அலுவலக மேலாளர் சிரித்த முகமாக வரவேற்றதே காண்டிராக்டருக்குச் சரியாகப் படவில்லை. அமீனா ஒரு நாற்காலியைப் பிடித்து லேசாக இழுத்தார். அசையவில்லை. ஒவ்வொரு காலிலும் இரும்புப் பட்டை, தரையில் ஸ்க்ரூ. மேசைக்கும் அதே, பீரோவுக்கும் அதே.

"திருட்டுப் பயம் சார். எல்லாத்தையும் தரையோட சேர்த்துட்டோம்" என்றார் மேலாளர்.

அமீனா உத்தரவைப் புரட்டினார். பெயர்த்து எடுக்க வேண்டியதென்றால் தனி மனு போட வேண்டியிருக்கும் என்று இழுத்தார். மனு என்றால் அடுத்த மாதம். அதற்குள் வீடு போய்விடும்.

காண்டிராக்டர் குனிந்து பார்த்தார். எல்லா ஸ்க்ரூவின் தலையிலும் வெட்டு ஒரே திசையில் நின்றது. அப்படிப் பார்த்துப் பார்த்து முடுக்குகிற ஆள் அவருக்குத் தெரிந்து ஒருவர்தான். திரும்பினார். தச்சர் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"உன் வேலையா இது?"

"ஆமாண்ணே. முந்தாநாள் கூப்பிட்டாங்க."

காண்டிராக்டர் சுவரோரம் போய்ச் சாய்ந்துகொண்டார்.

தச்சர் மெதுவாக வந்தார். ஒரு நாற்காலியை வெடுக்கென்று இழுத்து ஒற்றைக் கையால் தூக்கினார். பட்டையும் ஸ்க்ரூவும் காலோடு வந்தன. கீழே தரையில் ஒரு துளைகூட இல்லை.

"மேல தலை மட்டும்தாண்ணே. உள்ள வெறும் பசை."

மேலாளருக்கு முகம் செத்துப்போனது. "கூலி வாங்கிட்டுப் போனியே!"

"வாங்கினேன் சார். கைமேல காசு. இந்த ஆபீஸ்ல வேலை பார்த்துட்டு அப்படி வாங்கின முதல் ஆளு நான்தான்."

அமீனா உத்தரவால் முகத்தை மறைத்துக்கொண்டார். அவர் தோள் குலுங்கியது.

முன்னாடியே சொல்லியிருக்கலாமே என்று காண்டிராக்டர் கடிந்துகொண்டார். "உங்களுக்கு நடிக்க வராதுண்ணே. மூஞ்சியைப் பார்த்தே மோப்பம் பிடிச்சிருப்பாங்க" என்றார் தச்சர்.

சாமான்கள் மளமளவென்று லாரி ஏறின. பிறப்புச் சான்றிதழ் வாங்க வந்திருந்த ஒரு பெண், குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டே கதவைப் பிடித்துக் கொடுத்தாள். ஆணையர் அங்கும் இங்கும் போன் பேசினார். இத்தனை வருடம் வராத நிதி மத்தியானத்துக்குள் வந்தது. பாதிக்குக் காசோலை, மீதிக்குக் கோர்ட்டில் தேதி போட்டு உறுதிமொழி. கையெழுத்துப் போட உட்கார இடமில்லாததால் லாரியிலிருந்து ஒரு நாற்காலியை இறக்க வேண்டியிருந்தது.

பாதி போதும், ஏலம் நின்றுவிடும். சாமான்களை இறக்கிவிட்டு வங்கிக்குப் போகிற வழியில், ஆபீஸில் வாங்கின கூலியைத் தன் பாக்கியில் கழித்துக்கொள்ளச் சொன்னார் தச்சர். காண்டிராக்டர் சிரித்தார். சிரித்து வெகுநாளாகியிருந்ததால் இருமல் வந்தது.

அக்காவுக்குப் போன் போட்டு நடந்ததைச் சொன்னார்.

"அந்தத் தம்பியை இங்க கூட்டிட்டு வாடா" என்றாள் அக்கா. "வாசக்கதவு ரொம்ப நாளா ஆடுது. போற வீட்டுக்கு எதுக்குன்னு விட்டுட்டேன். நிஜ ஸ்க்ரூவாப் போடச் சொல்லு."