முப்பத்து நாலு கதவுகள்

விளக்குக் கம்பம் ஈரமாக இருந்ததால் டேப் பிடிக்கவில்லை. லோஷினி சட்டை நுனியால் கம்பத்தைத் துடைத்துவிட்டுத் தாளை மறுபடியும் அழுத்தினாள். வெள்ளைத் தாளில் கறுப்பு மார்க்கரால் 'தங்கராஜு வீடு' என்று எழுதி, கீழே ஓர் அம்புக்குறி போட்டிருந்தாள். மாசாய் முச்சந்தியிலிருந்து வீட்டுக்கு ஐந்து திருப்பம். இது மூன்றாவது.

தம்பி தீபன் காரை அணைக்காமல் உட்கார்ந்திருந்தான். நேற்று சாயங்காலம் சிங்கப்பூரில் வேலையிலிருந்து அப்படியே பாலம் தாண்டி ஓடி வந்தவன். கழுத்தில் கம்பெனி அட்டை இன்னும் தொங்கிக்கொண்டிருந்தது. அவன் வந்து சேர்வதற்குள் அப்பா போய்விட்டார்.

"எல்லாருக்கும் லொகேஷன் அனுப்பியாச்சு லா அக்கா. இது எதுக்கு?"

"ஏழாங்கட்டைத் தோட்டத்து ஆளுங்க வர்றாங்க. அவங்க லொகேஷன் பாத்து வர மாட்டாங்க."

தீபன் ஸ்டியரிங்கிலிருந்து கையை எடுத்தான்.

"கூப்பிட்டுட்டியா?"

"அங்கம்மாவ மட்டும். அவங்க நம்பர்தான் கெடச்சுது."

"அப்பா ஏதோ மருந்து மயக்கத்துல சொன்னாரு. அதப் போய் இன்னைக்கே சொல்லணுமா? செத்தவர நடுவீட்டுல வெச்சுக்கிட்டு?"

"எடுக்கறதுக்கு முன்னாடி சொல்லுன்னாரு தீபன்."

அவன் முகத்தைத் துடைத்துக்கொண்டான். இரண்டு பேரும் தூங்கி எத்தனையோ நாளாயிற்று. சண்டை போடவும் தெம்பு வேண்டுமே.

தங்கராஜு முப்பத்தோரு வருஷம் கோர்ட்டில் சம்மன் கொண்டுபோகும் வேலை பார்த்தவர். ஆள் கிடைக்காத வீட்டுக் கதவில் தாளை ஒட்டுவதும் அவர் வேலைதான். மோட்டார் சைக்கிளில் ஒரு மைலோ டின் கட்டித் தொங்கும். அதில் மரவள்ளி மாவுப் பசை. ஒட்டிவிட்டு வந்து, 'இன்ன நாள், இன்ன கதவில் ஒட்டினேன்' என்று சத்தியம் செய்து கையெழுத்துப் போட வேண்டும். அந்தக் கையெழுத்து இருந்தால் போதும். கதவில் உண்மையிலேயே தாள் இருந்ததா என்று எந்த நீதிபதியும் போய்ப் பார்ப்பதில்லை.

போன செவ்வாய்க்கிழமைதான் மகளிடம் சொன்னார், மூச்சு வாங்கி மூச்சு வாங்கி.

தொண்ணூற்றைந்தாம் வருஷம். யோங் பெங் பக்கம் ஏழாங்கட்டை ரப்பர்த் தோட்டத்தைக் கம்பெனி விற்றுவிட்டது. தொழிலாளர் வரிசை வீடுகளான லயத்தில் இருந்த முப்பத்து நாலு குடும்பத்தையும் காலி செய்யச் சொல்லி வழக்கு. தாளில் ஒருத்தர் பெயரும் கிடையாது. 'பெயர் தெரியாத குடியிருப்போர்' என்று மட்டும் அச்சடித்திருந்தது. தங்கராஜுவுக்கோ முப்பத்து நாலு வீட்டுப் பெயரும் தெரியும். அவர் பிறந்ததே பக்கத்துத் தோட்டத்தில்தான். திருவிழாவுக்குத் திருவிழா அங்கேதான் சாப்பாடு.

தோட்டத்துக்குள் நுழையும்போதே மழை பிடித்துக்கொண்டது. ஆபீஸ் வாசலில் ஒதுங்கினார். அங்கே கணக்கெழுதும் கிராணி அவரை உள்ளே கூப்பிட்டு, மேனேஜர் அறையில் நாற்காலி போட்டு உட்கார வைத்து, காப்பி கொடுத்தான். இதைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். அந்த மாதிரி ஆபீஸ் படியில் நின்றபடியே காலம் முழுக்க சம்பளம் வாங்கியவர் தங்கராஜுவின் அப்பா. மகனுக்கு நாற்காலி. 'ஏன் மழையில அலையறீங்க, வெச்சுட்டுப் போங்க, நாங்க குடுத்துடறோம்' என்று மேனேஜரே சொன்னார். வழக்குப் போட்டவனிடமே தாளைக் கொடுப்பதா என்று ஒரு நிமிஷம் தோன்றியதாம். ஆனால் வாய் வரவில்லை. தாள்கட்டை அப்படியே மேசைமேல் வைத்துவிட்டு வந்து, ஒட்டினேன் என்று சத்தியம் செய்துவிட்டார்.

தாள் எந்த வீட்டுக்கும் போகவில்லை. வழக்கு நாளில் கோர்ட்டுக்கும் யாரும் வரவில்லை. வராதவர்களுக்கு எதிராகத் தீர்ப்பு ஆனது.

லோஷினி ஜொகூர் பாருவில் ஒரு தனியார் கல்லூரியில் சட்டம் சொல்லிக்கொடுப்பவள். முதல் வருஷப் பிள்ளைகளிடம் அவள் முதலில் சொல்வதே, சட்டம் ஆகாயத்திலிருந்து விழவில்லை என்பதுதான். அதை யார் எழுதினார்கள், யாருடைய சொத்தைக் காக்க எழுதினார்கள் என்று கேளுங்கள் என்பாள். அப்பாவுக்கும் அதையே மருந்தாகக் கொடுத்துப் பார்த்தாள்.

"நீங்க ஒட்டியிருந்தாலும் அவங்க தோத்துத்தான்பா இருப்பாங்க. நிலம் கம்பெனி பேர்ல இருந்துச்சு. மூணு தலைமுறை இருந்தவங்களுக்கு அங்க ஒரு உரிமையும் இல்லன்னு சட்டத்தையே அப்படித்தான் எழுதி வெச்சிருந்தாங்க. உங்க கையில என்னப்பா இருந்துச்சு?"

தங்கராஜு கண்ணை மூடிக்கொண்டார்.

"தோத்திருப்பாங்க. ஆனா வந்து நின்னு தோத்திருப்பாங்கம்மா."



பந்தலில் பிளாஸ்டிக் நாற்காலிகள் நிரம்பிக்கொண்டிருந்தன. அப்பாவுக்கு வேட்டி கட்டி, நெற்றியில் திருநீறு பூசிப் பெட்டியில் படுக்க வைத்திருந்தார்கள். அம்மா கஸ்தூரி தலைமாட்டில் உட்கார்ந்து விளக்குத் திரியைத் தூண்டினாள். லோஷினி பக்கத்தில் போய் உட்கார்ந்தாள்.

"அவங்க வந்துக்கிட்டு இருக்காங்கம்மா."

"தீபன் சொன்னான்."

"உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?"

அம்மா எண்ணெய்க் கையைப் புடவையில் துடைத்தாள்.

"ஒட்டிட்டு வர்ற நாள்ல நகத்துல எல்லாம் பசை காஞ்சு கெடக்கும். சுடுதண்ணி வெச்சுக் குடுப்பேன். அன்னைக்குக் கை சுத்தமா இருந்துச்சு. நான் கேக்கல. அவரும் சொல்லல." கொஞ்சம் பொறுத்து, "நெஞ்சுல வெச்சிருந்தது அவரோடயே போனா என்னவாம்?" என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. அவளும் களைத்திருந்தாள்.

பதினொன்றரைக்கு மருமகன் ஓட்டிவந்த வேனிலிருந்து அங்கம்மா இறங்கினாள். எழுபதைத் தாண்டியவள். நீலக்கரை போட்ட வெள்ளைப் புடவை, கையில் ஒரு மாலை. பெட்டிமேல் மாலையை வைத்துவிட்டு முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"என் வீட்டுக்காரரு காரியத்துக்கு வந்தாரு இவரு. உள்ள வரல. ரோட்டுலயே நின்னுட்டுப் போயிட்டாரு. ஏன்னு எனக்கு இன்னைக்கு வரைக்கும் தெரியல" என்றாள்.

லோஷினி அவளைச் சமையலறைக்குப் பின்னால் துணி துவைக்கும் இடத்துக்குக் கூட்டிப்போனாள். மோடாவை இழுத்துப் போட்டாள். சொன்னாள். மழை, நாற்காலி, காப்பி, மேசைமேல் வைத்த கட்டு, பொய்ச் சத்தியம், ஒன்றையும் விடவில்லை. சொல்லச் சொல்ல அவள் குரல் வகுப்பில் பேசுகிற குரலாகிக்கொண்டு வந்தது. அது அவளுக்கே பிடிக்கவில்லை.



"கேஸ் முடிஞ்சு போலீசு வந்தப்பதான் கேஸ்னு ஒண்ணு இருந்ததே எங்களுக்குத் தெரியும்" என்றாள் அங்கம்மா.

"தாள் வந்திருந்தாலும் பெரியம்மா, அந்தச் சட்டத்துல உங்களுக்கு..."

"தோத்திருப்போம். அது எங்களுக்குத் தெரியாதா கண்ணு? தோட்டத்துல பொறந்தவங்களுக்கு அத நீ சொல்லிக் குடுக்கணுமா?" அவள் மோடாவில் கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்தாள். "எந்தத் தேதி வரச் சொல்லியிருந்தாங்க?"

லோஷினி இந்தக் கேள்வியை எதிர்பார்க்கவில்லை. நல்ல வேளை, அப்பா அதையும் சொல்லிவைத்திருந்தார்.

"ஜூலை பதினேழு. திங்கக்கெழமை. காலையில ஒன்பது மணி."

அங்கம்மா விரல்விட்டு எதையோ எண்ணினாள்.

"ஆடி ஒண்ணு."

"என்ன பெரியம்மா?"

"ஆடி ஒண்ணு அன்னைக்குக் கோயில்ல கூழ் ஊத்துவோம். ஒருத்தரும் பால் வெட்டுக்குப் போக மாட்டோம். ஒன்பது மணிக்கு முப்பத்து நாலு வீடும் கோயில்லதான் இருந்தோம். ரபேல் வேதக்காரன், அவன்கூட அண்டா தூக்க வந்துருவான்." அவள் சுவரைப் பார்த்தாள். "ஒரு லாரி புடிச்சிருந்தா எல்லாருமே வந்திருக்கலாம். சும்மாத்தான இருந்தோம்."

முன்பக்கம் தேவாரம் பாட ஆரம்பித்திருந்தார்கள். துவைக்கும் மெஷின் மேலே யாரோ வைத்துவிட்டுப் போன காப்பி ஆடை கட்டிக் கிடந்தது.

சவ வண்டி ஜெயபாலன் பின்வாசலில் எட்டிப்பார்த்தார். "மேடம், சுடுகாட்டுல ரெண்டு மணிக்குத்தான் நம்ம டர்ன். விட்டா அடுத்தது நாலு மணி. இப்ப எடுத்தாதான் சரியா இருக்கும்."

"அஞ்சு நிமிஷம் அண்ணே."

அவர் போனதும் லோஷினி அங்கம்மாவின் எதிரில் குந்தினாள். முழங்கால் வலித்தது.

"மன்னிச்சிருங்கன்னு கேக்க எனக்கு வாய் இல்ல. எல்லாருக்கும் சொல்லணும்னு அப்பா சொன்னாரு. நீங்க எல்லாரும் ஒரே பிளாட்லதான இருக்கீங்க. நீங்களே மத்தவங்ககிட்ட சொல்லிடறீங்களா?"

அங்கம்மா அவளைப் பார்த்தாள்.

"அந்த மேனேஜர்கிட்டயும் உங்கப்பா இப்படித்தான் குடுத்துட்டு வந்தாரு."

லோஷினிக்கு முகம் சுட்டது. தேவாரம் ஒரு பதிகம் முடிந்து அடுத்தது தொடங்கியது. முன்பக்கமிருந்து "அக்கா" என்று தீபன் கூப்பிட்டான். அவள் எழுந்திருக்கவில்லை.

"தாள் இருக்கா?" என்றாள் அங்கம்மா. "எழுதிக்க. நாங்க இப்ப ஒரே எடத்துல இல்ல."

அம்புக்குறி போட்டு மிஞ்சிய தாள்கள் சமையலறை அலமாரி மேல் கிடந்தன. லோஷினி ஒன்றைத் திருப்பி வைத்துக்கொண்டாள். அங்கம்மா லயத்தின் ஒரு முனையிலிருந்து வீடு வீடாகச் சொல்லிக்கொண்டே போனாள், அந்த லயம் இன்னும் அங்கே நிற்பதுபோல. இந்த வீட்டில் இரண்டு பேரும் செத்தாச்சு, மகள் குளுவாங்கில். இது யோங் பெங் பிளாட், மூணாவது மாடி. இது எங்கே போனார்கள் என்றே தெரியாது. ரபேலும் இல்லை, பெண்சாதி கத்தரின் பாசிர் கூடாங்கில் மகனோடு இருக்கிறாள். "உனக்குக் கிட்டக்க அதுதான்" என்றாள்.

"முப்பத்து மூணுதான் வருது பெரியம்மா."

"என் வீட்டுக்குத்தான் நீயே சொல்லிட்டியே."

பிறகு அவள் முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்து முன்பக்கம் போனாள். தட்டிலிருந்த அரிசியை அள்ளி மூன்று முறை தங்கராஜுவின் வாயருகே போட்டாள். மூன்றாவது தடவை கை கொஞ்சம் நின்றது. யாரும் கவனிக்கவில்லை. கஸ்தூரி கவனித்தாள்.

"எடுக்கலாம் தம்பி" என்றார் ஜெயபாலன்.

பெட்டியைத் தூக்கினார்கள்.

வீடு கழுவி, தலை முழுகி, தீபன் சுடுகாட்டிலிருந்து திரும்பி, பந்தல்காரன் நாற்காலிகளை அடுக்கும்போது மணி ஐந்தாகிவிட்டது. லோஷினி கார் சாவியை எடுத்தாள்.

"எங்க?" என்றாள் அம்மா.

"கம்பத்துல ஒட்டுனதெல்லாம் எடுத்துட்டு வரேன்."

அம்மாவின் பார்வை அவள் கையில் மடித்திருந்த தாளுக்குப் போனது.

"தீட்டு வீட்டுக்காரங்க பதினாறு முடியாம யாரு வீட்டுக்குள்ளயும் போகக் கூடாது."

"உள்ள போக மாட்டேம்மா. வாசல்லயே நின்னுக்குவேன்."

சாய்வு நாற்காலியில் படுத்திருந்த தீபன் கண்ணைத் திறக்காமலே, "கேஸ் போட்டா யாரு மேல போடுவாங்களாம்?" என்றான்.

"செத்தவங்க மேல போட முடியாது. படு."

கஸ்தூரி கதவுக்குப் பின்னால் கைவிட்டுத் துழாவினாள். "வானம் மூடிக்கிட்டு வருது. கொடை எடுத்துட்டுப் போ" என்றாள்.

ஐந்து கம்பங்களிலும் தாளைப் பிய்த்தாள். மழை ஈரத்துக்குப் பிடிக்காமல் அடம்பிடித்த டேப், வெயிலுக்குப் பிறகு விடமாட்டேன் என்றது. நகத்தால் சுரண்ட வேண்டியிருந்தது. கடைசிக் கம்பத்திலிருந்து வீட்டுப் பக்கம் திரும்பாமல் நேரே போனாள். பாசிர் கூடாங் ரோட்டில் ஷிப்ட் முடிந்த பேக்டரி பஸ்கள் வரிசையாக எதிரே வந்தன.

கத்தரினின் மகன் வீட்டு வாசலில் மோட்டார் சைக்கிள் ஒன்று நின்றது. கதவுக்கு மேலே சின்னச் சிலுவை. இரும்புக் கேட்டைத் தட்டினாள்.

"யாரு?" என்று உள்ளிருந்து ஒரு குரல்.

"ஏழாங்கட்டைத் தோட்டத்து ரபேல் வீடுங்களா?"

உள்ளே தட்டுச் சத்தம் நின்றது. கொஞ்ச நேரம் கழித்து, மெலிந்த ஒரு பெண்மணி கையைத் துடைத்துக்கொண்டே வந்தாள்.

"அந்தப் பேரச் சொல்லி யாரும் வந்து எத்தனையோ வருசமாச்சு. உள்ள வாங்க, மழை வருது."

"இல்லீங்க. இங்கயே நிக்கறேன்."

கத்தரின் அவளுடைய ஈரத் தலையையும் பொட்டில்லாத நெற்றியையும் பார்த்தாள். "இருங்க, அடுப்ப அணைச்சிட்டு வந்துடறேன்" என்று உள்ளே போனாள்.

முதல் தூறல் விழுந்தது. குடை காரிலேயே இருந்தது. லோஷினி கேட்டுக்கு வெளியே நின்றாள். மடித்த தாளைப் பிரிக்கப் பார்த்தாள். டேப்பின் பசை நகக்கண்ணில் ஒட்டியிருந்தது. தாள் விரலோடு வந்தது.