நூலுக்குச் செய்த காற்று

மனைப்பிரிவின் திறப்பு விழாவுக்கு இன்னும் நாற்பத்தெட்டு மணி நேரம் இருந்தது. ரவிதேஜா அதற்குள் பூமியைத் திருத்தி முடித்துவிடும் அவசரத்தில் இருந்தார்.

"அம்மணி, இந்தப் பனி எதுக்கு?" என்றார்.

மேசைமேல் பூஜிதா வரைந்த படம் கிடந்தது. காற்று, கடல், பனி, நிலம், உயிர் என்று ஐந்து வட்டங்கள். ஒவ்வொன்றிலிருந்தும் மற்ற ஒவ்வொன்றுக்கும் போய் வரும் அம்புகள். விழா மேடைக்குப் பின்னால் பேனராக வைப்பதற்கு அவர்தான் வரையச் சொல்லியிருந்தார்.

"அன்னூர்ல பனி ஏது? பிரிட்ஜைத் திறந்தாத்தான் உண்டு."

"துருவத்துப் பனிங்க சித்தப்பா. அது உருகுனா வெயிலைத் திருப்பி அனுப்பறது குறைஞ்சு கடல் சூடாகும். கடல் சூடானா பாலக்காட்டுக் கணவாய்ல நமக்கு வர்ற காத்து மாறும். காத்து மாறுனா மழை..."

"மழை மாறுனா போர்ல தண்ணி வராது. அதானே? மனை வாங்க வர்றவங்ககிட்ட அதைச் சொல்லச் சொல்றியா?"

பூஜிதாவுக்கு வயது இருபத்து நான்கு. வளிமண்டல அறிவியலில் எம்.எஸ்சி. முடித்தவள். நாலு பேர் முன்னால் பேச்சு வராது. மனசுக்குள் மட்டும் ஓயவே ஓயாது. ரவிதேஜா அவள் அப்பாவுக்குப் பங்காளி முறை. வேலை தேடி வந்தவளுக்கு 'கிளைமேட் ஆபீசர்' என்று ஒரு பட்டத்தைச் சூட்டி, கழுத்தில் அட்டை மாட்டி உட்கார வைத்திருந்தார்.

மாலைக்குள் பேனர் அச்சாகி வந்தது. பனி இருந்த வட்டத்தில் நீச்சல் குளம். அம்புகளில் ஐந்துதான் மிச்சம். ஐந்தும் நடுவில் புதிதாக முளைத்திருந்த ஒரு வீட்டைப் பார்த்துப் பாய்ந்தன.

"திரும்பிப் போற அம்பையெல்லாம் எடுக்கச் சொல்லிப்போட்டேன். கசகசன்னு இருந்துச்சு" என்றார் ரவிதேஜா.

கடலும் காற்றும் நிலமும் இத்தனை கோடி வருடமாக ஒன்றையொன்று இழுத்தும் தள்ளியும் வந்தது இவர் விற்கும் மனையின் வாசலில் கைகட்டி நிற்கத்தான் போலிருக்கிறது என்று நினைத்தாள். நினைத்ததோடு சரி.

"நல்லா இருக்குங்க சித்தப்பா" என்றாள்.

அந்த இடம் அன்னூரிலிருந்து கோவை போகும் சாலையோரம் இருபது ஏக்கர் தோட்டமாக இருந்தது. தென்னையை வெட்டி, வேம்பை வெட்டி, சரளை கொட்டி, கல் நட்டு, 'குளிர்ச்சோலை' என்று பெயர் வைத்தார்கள். சோலையை வெட்டிய கையோடு அந்த இடத்துக்குச் சோலை என்றே பெயர் வைக்கத் தனித் தைரியம் வேண்டும். வாசலில் மட்டும் ஒரு பூங்கா. அதன் நடுவே பூஜிதாவின் தானியங்கிக் கருவி. சாலையைப் பார்த்து ஒரு மின்பலகை இரவும் பகலும் எரிந்தது: 'கோவை 38, குளிர்ச்சோலை 34.'

அந்த நாலு டிகிரி வந்த கதை இது. ரவிதேஜா குடும்பம் மூன்று தலைமுறையாக நூல் மில் நடத்தியது. வறண்ட காற்றில் நூல் அறுந்து அறுந்து போகும். அதனால் மில்லுக்குள் காற்றை நனைத்துக்கொண்டே இருக்க ஒரு பிளான்ட் உண்டு. மில்லை மூடியபோது மற்ற எல்லாவற்றையும் எடைக்குப் போட்டவர் அதன் பம்பையும் நாசில்களையும் மட்டும் வைத்துக்கொண்டார். இப்போது அவை பூங்காவின் வேலிச்செடிக்குள் ஒளிந்து, ஆயிரத்து இருநூறு அடிப் போர்த் தண்ணீரைப் புகையாகத் துப்பிக்கொண்டிருந்தன. தண்ணீர் ஆவியாகும்போது காற்றின் சூட்டைப் பிடுங்கிக்கொள்ளும். வெப்பமானி இறங்கும். கணக்கில் பிழையே கிடையாது.

"பலகையில ஈரப்பதத்தையும் போட்டரலாங்களா சித்தப்பா?" என்று ஒரு முறை கேட்டுப் பார்த்திருந்தாள்.

"எதுக்கு? மில்லுல ஈரம் அறுபது இருந்தா நூலு சந்தோசமா ஓடும். மனுசனுக்கு அம்பது இருந்தா என்ன கொள்ளை?"

"மில்லுல வேலை செஞ்சவங்க சட்டையைப் பிழிஞ்சு பிழிஞ்சு போட்டாங்கங்க."

"வேலை செஞ்சா வேர்க்காதா?" என்று சிரித்தார். காற்று என்றால் அவர் குடும்பத்துக்கு நூலின் சௌகரியம். நூலுக்கு வேர்க்காது என்பது மூன்று தலைமுறையில் ஒருவருக்கும் உறைக்கவில்லை.

நாலு டிகிரியை நம்பி முதல் மனையை, அதில் கட்டிய வீட்டோடு வாங்கியிருந்தவர்கள் கோவை கோட்டைமேட்டு முஸ்தபாவும் அவர் மனைவி தாஜுன்னிசாவும். முஸ்தபா நாற்பது வருடம் கயிற்றுக்கடை வைத்திருந்தவர். போன மே மாதம் மாடிப்படியில் சுருண்டு விழுந்து, நாலு நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தார். இன்னொரு தடவை இப்படிச் சூடு தாக்கினால் தாங்காது என்று டாக்டர் சொல்லிவிட்டார். திங்கட்கிழமை அவர்கள் கோட்டைமேட்டு வீட்டை வேறொருவருக்குக் கிரயம் செய்து கொடுக்கிறார்கள். வாங்குகிறவர் அதை இடித்துக் கடை கட்டப்போகிறார். கையெழுத்துப் போட்டால் திரும்ப ஒரு வழி இல்லை.

சனிக்கிழமை தாஜுன்னிசா போன் செய்தார். மனை பார்க்க வந்த நாளிலிருந்து பூஜிதாமேல் அவருக்கு ஒரு பிரியம்.

"கண்ணு, இந்த ஊட்ல கடைசியா நாலு பேருக்கு ஆக்கறேன். நீயும் வந்து ஒரு வாய் சாப்புட்டுப் போ."

மதியம் போனாள். பையில் சுழற்றும் வெப்பமானி இருந்தது. ஒரு கைப்பிடியில் இரண்டு வெப்பமானிகள் கட்டிய கருவி அது. ஒன்று சும்மா இருக்கும். காற்றின் சூட்டைச் சொல்லும். மற்றதன் குமிழில் ஈரத்துணி சுற்றியிருக்கும். சுழற்றினால் துணி காயக் காய அது குளிரும், வேர்த்த உடம்பு குளிர்வதுபோல. அந்தக் காற்றில் வேர்வை எவ்வளவு தூரம் கைகொடுக்கும் என்பதை ஈரத்துணிதான் சொல்லும்.

சந்துப் பக்கத்து அறையில் நின்று அதைச் சுழற்றினாள்.

"இதென்ன கிலுகிலுப்பை?" என்றார் தாஜுன்னிசா.

"மழையை வரவைக்கறாளாட்ட இருக்கு" என்றார் கட்டிலில் சாய்ந்திருந்த முஸ்தபா. "நல்லா ஆட்டு கண்ணு. உக்கடம் குளம் ரொம்பற வரைக்கும் ஆட்டு."

"நீங்க சும்மா கெடங்க. படிச்ச புள்ளை, எதையோ பார்க்குது."

பூஜிதா இரண்டு அளவையும் படித்தாள். பூங்காக் கருவியின் அதே நேரத்து அளவுகளைப் போனில் எடுத்து, பக்கத்தில் வைத்துப் பார்த்தாள். ஈரத்துணியின் அளவை மட்டும் இரண்டு தரம் பார்த்தாள்.

"என்ன சொல்லுது?" என்றார் தாஜுன்னிசா.

"சும்மா பார்த்தேங்க."

"எங்க மாமனார் கட்டுன ஊடு கண்ணு. இந்தப் படியில எத்தனை தடவை ஏறி எறங்கியிருப்பேன். போனாப் போகுது. இந்தக் கிழட்டு மனுசன் இன்னும் பத்து வருசம் என்னைத் திட்டிக்கிட்டு இருந்தாப் போதும்."

"நான் எங்கடி திட்டறேன்? திட்ட விட்டாத்தானே?"

சாப்பிடும்போது பூஜிதா சொல்ல வாயெடுத்தாள். தாஜுன்னிசா இன்னொரு கரண்டி கறி ஆணம் ஊற்றினார். எடுத்த வாய் அதற்குப் பயன்பட்டது. படித்த படிப்பெல்லாம் தேங்காய்ச்சோற்றோடு உள்ளே போகிறது என்று தன்னையே ஏசிக்கொண்டு பஸ் ஏறினாள்.

ஞாயிற்றுக்கிழமை நாசில்களை முழுதாகத் திறந்து வைத்திருந்தார்கள். பந்தலுக்குள் புகை மூட்டம். வந்திருந்தவர்களின் பட்டுச் சேலைகள் முதுகோடு ஒட்டிக்கொண்டன. பலகை முப்பத்திரண்டு காட்டியது. அதைப் பார்த்து எல்லாரும் "ஆகா, என்ன குளிர்ச்சி" என்று சொல்லிக்கொண்டே கைக்குட்டையைப் பிழிந்தார்கள். எண் சொல்வதை நம்பித் தன் முதுகை நம்பாத ஜனங்களைப் பூஜிதா மேடையோரம் நின்று பார்த்தாள்.

ரவிதேஜா மைக்கைப் பிடித்தார்.

"காற்று, கடல், நிலம், உயிர், நீச்சல் குளம்! பூமியின் ஐந்து சக்திகளும் இன்று நமக்காக வேலை செய்கின்றன!"

கைதட்டல். அண்டார்டிகா அரைக் கிரவுண்டு நீச்சல் குளத்துக்கு இடம் விட்டு ஒதுங்கியதைப் பற்றி ஒருவருக்கும் சந்தேகம் வரவில்லை.

முதல் குடும்பம் என்று முஸ்தபாவையும் தாஜுன்னிசாவையும் மேடைக்கு அழைத்தார். முஸ்தபா நாலு படி ஏறுவதற்குள் நின்று மூச்சு வாங்கினார். வெள்ளைச் சட்டை நனைந்து பனியன் தெரிந்தது. நெற்றியிலிருந்து வழிந்தது மூக்கு நுனியில் சொட்டிக்கொண்டே இருந்தது.

"பாருங்க, பாய்க்கு ஒடம்பு பூரா ஆனந்தக் கண்ணீர்!" என்றார் ரவிதேஜா. கூட்டம் சிரித்தது.

தாஜுன்னிசா சிரிக்கவில்லை. முந்தானையால் கணவரின் கழுத்தைத் துடைத்தார். துடைத்த இடம் உடனே நனைந்தது.

"ஏனுங்க, முப்பத்திரண்டுன்னு போட்டிருக்குது. இவருக்கு ஏன் இப்படி ஊத்துது?"

"பழகலைங்க பாயம்மா. குளிர்ச்சிக்கும் ஒடம்பு பழகோணுமல்லங்க? சாவியை வாங்குங்க."

"எங்களுக்கு வேர்க்கப் பழக்கம் இல்லீங்களா? கோட்டைமேட்ல வேற என்னத்தைங்க பண்ணிக்கிட்டு இருந்தோம்?"

இந்தத் தடவை கூட்டம் அவர் பக்கம் சிரித்தது. ரவிதேஜாவின் முகம் சுருங்கியது. "நம்ம கிளைமேட் ஆபீசர் விளக்குவாங்க" என்று மைக்கைப் பூஜிதாவின் கையில் திணித்தார். பல்லுக்கிடையில், "காத்து நல்ல காத்துன்னு ஒரு வார்த்தை சொல்லிப்போட்டு எறங்கு" என்றார்.

மைக் ஒரு முறை கீச்சிட்டது. பூஜிதாவின் தொண்டை காய்ந்திருந்தது. அந்தப் பந்தலில் காய்ந்திருந்தது அது ஒன்றுதான். இருநூறு முகங்கள். 'நல்ல காத்து' என்ற இரண்டு சொல்லும் நாக்கு நுனியில் தயாராக நின்றன. சொல்லிவிட்டு இறங்கினால் சாப்பாட்டுப் பந்திக்குப் போய்விடலாம்.

முஸ்தபா நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டார்.

"கண்ணு," என்றார் தாஜுன்னிசா. குரல் தணிந்திருந்தது. "நேத்து என்ற ஊட்ல நின்னு ஒண்ணை ஆட்டுனியே. சும்மா பார்த்தேன்னு சொன்னே. நாளைக்கு நான் கையெழுத்துப் போடோணும். அது என்ன சொல்லுச்சு?"

ரவிதேஜா மைக்குக்குக் கை நீட்டினார். பூஜிதா ஓர் அடி பின்னால் போனாள். பின்னால் பேனர் இருந்தது. அதற்குமேல் போக இடமில்லை.

"பலகை பொய் சொல்லலீங்க தாஜம்மா," என்றாள். ஒலிபெருக்கியில் வந்த குரல் அவளுக்கே யாருடையதோ போலிருந்தது. "சூடு எறங்கியிருக்குது. எறங்குன அளவுக்கு ஈரம் ஏறியிருக்குது. இந்தக் காத்துல வேர்வை ஊத்துமுங்க, காயாது. ஈரத்துணி கட்டுனதுல நேத்து உங்க ஊட்லயும் இருபத்தஞ்சுதானுங்க, இங்கயும் இருபத்தஞ்சுதான். பாய் ஒடம்புக்கு ரெண்டு எடமும் ஒண்ணுதானுங்க."