லவீனாவுக்கு அர்த்தம் தேடிய கதை

1

இந்தக் கதை என் மூளையில் உதித்ததல்ல. ஒரு பெண் என் வீட்டுக் கதவைத் தட்டியதால் வந்தது. சரியாகச் சொன்னால் தட்டவில்லை, உதைத்தாள். இரண்டு கையிலும் தண்ணீர்க் குடம்.

"மாமா, நீங்கதான பொஸ்தகத்துல கதை எழுதறவரு? என் பேருக்கு இன்னா அர்த்தம்?"

அவள் பெயர் லவீனா. வயது பதினொன்று. மாரிகுப்பத்தில் எங்கள் லைனில் பக்கத்து வீடு. (லைன் என்பது சுரங்கத் தொழிலாளிகளுக்குக் கட்டிய வீட்டு வரிசை. இரண்டு குடும்பத்துக்கு ஒரு சுவர். இந்த வீட்டில் தாளித்தால் அந்த வீட்டில் தும்முவார்கள்.)

"எதுக்குக் கேக்கற?"

"ஆண்டு விழால பேச்சுப் போட்டி. 'என் பெயரும் அதன் பெருமையும்'. ராபர்ட்சன்பேட்டையிலேர்ந்து தலைவரு ஒருத்தரு வராரு. ஜானகின்னா சீதையாம். ஞானசுந்தரின்னா ஞானமாம், அழகாம். அவளுக்கு ரெண்டும் இல்ல, ஆனாலும் அர்த்தம் கீது. எனக்குத்தான் ஒண்ணுமில்ல. பேரே இல்லாத மாதிரி நிக்கணுமா நானு?"

கடைசி வாக்கியத்தில் குரல் கொஞ்சம் உடைந்தது. குடத்துத் தண்ணீரும் கொஞ்சம் சிந்தியது.

"நாளைக்குச் சொல்றேன்" என்றேன். எழுத்தாளர்கள் எல்லோரும் முதலில் எழுதும் புனைகதை இதுதான்.

2

தொடக்கம் அ: பொன் விளையும் பூமியாம் கோலாரில், பொன்னினும் அரிய ஒரு பெண் மகவு

[அடித்தாயிற்று. பொன் விளைவதில்லை. தோண்ட வேண்டும். தோண்டுகிறவன் வீட்டில் குன்றிமணி அளவுகூட இருப்பதில்லை. இந்த வாக்கியத்தை எழுதுகிறவன் மாரிகுப்பத்துக்கு ரயிலேறியதே இல்லை என்று தெரிந்துவிடும்.]

தொடக்கம் ஆ: பெயர் என்பது யாதெனில்

[இது கட்டுரை. எழுதிய எனக்கே கொட்டாவி.]

தொடக்கம் இ: 1961ஆம் ஆண்டு, பூமி ஆடிய ஒரு பகலில், லீலா தன் புருஷனைப் பெயர் சொல்லாமல் கூப்பிட்டாள்.

இது இருக்கட்டும். ஆனால் இதை நீங்கள் புரிந்துகொள்ள எங்கள் லைன் வழக்கம் ஒன்று தெரிய வேண்டும். சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். சுருக்கம் எனக்கு வராது, ஆனாலும்.

3

ஏர் பிளாஸ்ட் என்று நாங்கள் சொல்வது பூமிக்கடியில் பாறை தானாக வெடிப்பதை. அது வெடித்தால் மேலே எங்கள் வீட்டு அலமாரியில் பாத்திரங்கள் பேசிக்கொள்ளும். பாத்திரங்கள் பேச ஆரம்பித்தால் மனிதர்கள் பேச்சை நிறுத்திவிடுவார்கள். கீழே ஷிப்டில் இருக்கிறவன் பெயரை அதன் பிறகு யாரும் வாயில் எடுக்கக் கூடாது. ஓடிப்போய் ஷாப்ட் கேட்டில், அதாவது சுரங்கக் குழியின் வாயிலில், நிற்க வேண்டும்.

ஆட்களை ஏற்றி இறக்கும் இரும்புக் கூண்டான கேஜ் மேலே வரும். இறங்குகிறவர்கள் அத்தனை பேரும் தூசியில் ஒரே சாம்பல் நிறம். பெற்றவளுக்கே அடையாளம் தெரியாது. அப்போதுதான் வீட்டு ஆள் ஒருவர் கூப்பிட வேண்டும். அவன் பதில் கொடுக்க வேண்டும். பதில் வந்தால்தான் ஆள் மேலே வந்ததாகக் கணக்கு. வராதவர்களின் பெயர்கள் கேட்டுக்குப் பக்கத்தில் உள்ள கரும்பலகையில் சாக்பீஸால் எழுதப்படும்.

இன்னொன்று: எப்படிக் கூப்பிட்டு அவன் பதில் சொன்னானோ, அந்த அழைப்பைப் பிறகு மாற்றக் கூடாது. மாற்றினால் கேஜ் அவனைத் திரும்பக் கேட்கும்.

பெண்டாட்டிகள் புருஷன் பெயரைச் சொல்ல மாட்டார்கள். எனவே பிள்ளை பெயரைச் சொல்லி அப்பா என்பார்கள். பிள்ளை இல்லாதவர்களுக்கு மாமனார் கூப்பிடுவார்.*

* மாமனாரும் இல்லாத பார்வதம்மா, கல்யாணமான புதிதில், பதற்றத்தில், தான் வளர்த்த பிராணியை நினைத்து "ஆட்டுக்குட்டி அப்பா!" என்று கத்திவிட்டாள். உள்ளேயிருந்து பதில் வந்துவிட்டது. அந்த மனிதர் ரிட்டயர் ஆகும்வரை ஆட்டுக்குட்டி அப்பாதான். வழியனுப்பு விழாவில் போட்ட மாலையை அவர் கழற்றுவதற்குள் நாலு பேர் "தின்னுடாதீங்க" என்றார்கள்.

4

இப்போது பாத்திரங்கள். (அலமாரியில் உள்ளவை அல்ல.)

லீலா, லவீனாவின் அம்மா. அவள் மாமனார் தர்மராஜ், எங்கள் பௌத்த சங்கத்தின் செயலாளர். பெண் குழந்தை பிறந்ததும் 'மகாபிரஜாபதி' என்று முடிவு செய்துவிட்டார். புத்தரை வளர்த்த தாய். உயர்ந்த பெயர்தான். ஆனால் தொட்டிலுக்குள் அதைப் போட்டால் குழந்தைக்குப் படுக்க இடமிருக்காது.

லீலாவின் அண்ணன் நெடுஞ்செழியன், தாய்மாமன், மேடைப் பேச்சாளர். அதற்கு முந்திய வருடம்வரை அவர் பெயர் முனியப்பன். அவர் தேர்ந்தது 'செந்தமிழ்ப்பாவை'.

[இவரை நான் கற்பனை செய்தேன் என்று உங்களுக்குச் சந்தேகம் வரலாம். எனக்கே வருகிறது. ஆனால் கற்பனை செய்திருந்தால் இதைவிட நம்பும்படியாகச் செய்திருப்பேன்.]

பக்கத்து வீட்டு ஜூடித், துரைமார் பங்களாவில் ஆயாவாக இருந்தவள், அவள் பங்குக்கு 'எஸ்தர்' என்று கேட்டுப் பார்த்தாள். யாரும் காதில் வாங்காததால் முறுக்கு சாப்பிடப் போய்விட்டாள்.

லீலா மட்டும், "லவீனா" என்றாள்.

"அப்டின்னா இன்னாம்மா அர்த்தம்?" என்றார் மாமனார்.

"ஒண்ணுமில்ல மாமா."

"பொருளற்ற பெயர் பொட்டில்லா நெற்றி!" என்றார் நெடுஞ்செழியன். (பகுத்தறிவாளர். உவமை அவசரத்தில் வந்துவிட்டது.)

குழந்தையின் காதில் பெயரைச் சொல்ல வேண்டியவன் தகப்பன் தம்மபாலன். பெயர் வைக்கும் நாளன்று அவனுக்குக் காலை ஷிப்டு. டிபன் கேரியரைக் கொடுக்கும்போது லீலா பெயரை அவன் காதில் சொன்னாள். "இன்னா இது, பிஸ்கட்டு பேராட்டம் கீது" என்று சிரித்தான். "சாயங்காலம் வந்து சொல்றேன் போ." அவ்வளவுதான். வேண்டாம் என்று சொல்லவில்லை.

பெரியவர்கள் இருவரும் அதுவரை எதிலும் ஒத்துப்போனதில்லை. அன்று போனார்கள். தம்மபாலன் மேலே வருவதற்குள் விழாவை முடித்துவிடுவது. 'மகாபிரஜாபதி செந்தமிழ்ப்பாவை.' யார் முன்னால், யார் பின்னால் என்பதில் மட்டும் அரைமணி நேரச் சச்சரவு.

லைனே வாசலில் கூடியிருந்தது. நான் கல்கண்டுத் தட்டைப் பிடித்துக்கொண்டிருந்தேன். தர்மராஜ் பஞ்சசீலம் சொல்லிவிட்டு, மகாபிரஜாபதியின் வரலாற்றைத் தொடங்கினார். சாக்கிய வம்சத்தில் ஆரம்பித்தார். கபிலவஸ்துவை அடைவதற்குள் தொண்டை கம்மியது. புத்தர் வீட்டை விட்டுப் போகும் கட்டத்தில் குரலும் போய்விட்டது. காற்று மட்டும் வந்தது. விடவில்லை, கையால் பேசினார்.

லீலா தொட்டிலின் கயிற்றைப் பிடித்தபடி கேட்டுக்கொண்டிருந்தாள். கயிற்றை விட்டுவிட்டால் பெயரும் போய்விடும் என்பது போல.

அப்போது அலமாரிப் பாத்திரங்கள் பேசின.

5

[இந்த இடத்தை மூன்று தடவை எழுதினேன். ஒன்றில் வானம் இருண்டது. ஒன்றில் காகம் கரைந்தது. இரண்டும் பொய். நல்ல வெயில். காகம் சாப்பிடப் போயிருந்தது.]

கேட்டில் யாரும் பேசவில்லை. பிறந்து சில நாளேயான குழந்தையோடு லீலா ஓடி வந்திருந்தாள். பச்சை உடம்புக்காரி. ஜூடித் அவள் இடுப்பைப் பிடித்துக்கொண்டு நின்றாள், வாயில் இன்னும் பாதி முறுக்கு. மெல்லவும் இல்லை, விழுங்கவும் இல்லை.

முதல் கேஜ் வந்தது. சாம்பல் மனிதர்கள். ஒவ்வொரு குரலாகக் கூப்பிட்டது, பதில் வந்தது, பெண்கள் உட்கார்ந்து அழுதார்கள். குழந்தைக்கு இன்னும் பெயர் வைக்காததால், தம்மபாலனுக்குக் கூப்பிட வேண்டியவர் அவன் அப்பா. முன்னால் வந்தார். வாயைத் திறந்தார்.

காற்று.

மறுபடி திறந்தார். காற்றுதான். மகாபிரஜாபதி மொத்தக் குரலையும் எடுத்துக்கொண்டு போய்விட்டாள். கிழவர் தொண்டையைக் கையால் பிடித்துக்கொண்டு மகனைத் தேடினார். அந்த முகத்தைப் பற்றி எழுதிய வரியை அடித்துவிட்டேன். அதில் சிரிக்க எதுவும் இல்லை.

மைத்துனருக்காக நெடுஞ்செழியன் முன்வந்தார். பதறும்போது மனிதனுக்குப் பழகியதுதான் வரும்.

"எம் குலம் காக்கும் கொள்கைக் குன்றே! சுரங்கத்தில் சுடர்விடும் சூரியனே! என் ஆருயிர்த் தங்கையின்..."

பெயர் வருவதற்கு இன்னும் நாலு அடைமொழி பாக்கி. கேஜ் காலியாகிக்கொண்டிருந்தது.

"தள்ளுண்ணா!" என்றாள் லீலா. குழந்தையைத் தூக்கிப் பிடித்தாள்.

"லவீனாப்பா!"

பதில் இல்லை.

"லவீனாப்பா!"

கேஜின் மூலையில், கடைசியாக, ஒரு சாம்பல் உருவம் இருமியது. எதையோ துப்பியது.

"தோ கீறேன்!"

அன்று ஏர் பிளாஸ்டில் உயிர்விட்டது ஒரு டிபன் கேரியர் மட்டும். தம்மபாலன் நசுங்கிய அதை நீட்டி, "கொழம்பு போச்சு" என்றான். ஜூடித் முறுக்கை விழுங்கினாள்.

6

பெயர் நின்றுவிட்டது. மாற்ற முடியாது. ஆட்டுக்குட்டி அப்பாவையே மாற்ற முடியவில்லை.

ஆனால் பெரியவர்கள் தோற்பதில்லை. குரல் திரும்பியதும் தர்மராஜ், "லவம் என்றால் பாலியில் துளி. ஞானத்தின் துளி. நான்தான் உள்ளூர நினைத்துக்கொண்டிருந்தேன்" என்றார். நெடுஞ்செழியன் அடுத்த கூட்டத்திலேயே, 'உலவும் வீணை' என்ற பழந்தமிழ்ப் பெயர் தேய்ந்து லவீனா ஆனதாக அறிவித்தார். கைதட்டினார்கள். அவர் எது சொன்னாலும் கைதட்டுவார்கள்.

ஜூடித் மட்டும் என்னைத் தனியாகக் கூப்பிட்டாள். "யார்கிட்டயும் சொல்லாதீங்க. பங்களால தொரை வளத்த நாய்க்கு இதே பேருதான்."

7

இதையெல்லாம் பதினொரு வருடம் கழித்து லவீனாவிடம் ஒவ்வொன்றாக நீட்டினேன். (நாயைத் தவிர.)

"ஷாப்ட் கேட்டு கதை லைனுக்கே தெரியும் மாமா. அது பேரு எப்டி நின்னுச்சுன்ற கதை. நான் கேக்கறது அர்த்தம்."

"உலவும் வீணை?"

"நான் பாடுனா எங்கம்மா கதவ சாத்துவாங்க."

"ஞானத் துளி?"

"கணக்குல எவ்ளோ மார்க்குன்னு கேளுங்க."

வேறு வழியில்லாமல் லீலாவிடமே போனேன். குழாயடியில் துணி துவைத்துக்கொண்டிருந்தாள். நாய் விஷயத்தையும் சொல்லித் தொலைத்தேன்.

"அப்டியா?" என்று சிரித்தாள். "நான் பங்களா பக்கமே போனதில்ல. வாய்ல வந்துச்சு, வெச்சேன். ஆனா நாய் பேருன்னாலும் நல்லதுதான். அது கப்பலேறி சீமைக்குப் போயிருக்கும். ஷாப்ட்ல எறங்கி இருக்காதுல்ல?"

"இன்னா லீலா சொல்ற?"

ஒரு சட்டையை முறுக்கிப் பிழிந்தாள்.

"இந்த லைன்ல நல்ல நல்ல பேரா கீது. ராஜப்பா, ஜெயகரன், சாம்ராஜ்... எல்லாத்துக்கும் அர்த்தமும் கீது. எல்லாத்தையும் ஒரு தபா அந்த ஷாப்ட் கேட்டு போர்டுல படிச்சிருக்கேன். ஆம்பள பேருதான், ஆனா அவங்க பொண்ணு ராஜம்மா, ஜெயான்னு அதையே தூக்கிக்கினு நடக்குதுங்க. எனக்கு எவனும் சாவாத பேரு ஒண்ணு வேணும்னு இருந்துச்சு. புதுசா. கடைலேர்ந்து பிரிக்காத துணி மாதிரி."

கிடைத்துவிட்டது, கதை கிடைத்துவிட்டது என்று உள்ளே ஒரு அற்பன் குதித்தான்.

"அவகிட்ட சொல்லிடாத" என்றாள் லீலா. "சொன்னா அந்த போர்டைத் தூக்கி அவ பேருக்குள்ள மாட்டன மாதிரி ஆயிடும். இத்தன வருசம் வெளிய வெச்சிருக்கேன்." சொல்ல மாட்டேன் என்று வாக்குக் கொடுத்தேன்.

8

ஆக, அர்த்தம் எனக்குத் தெரியும். கேட்கிறவளுக்குச் சொல்ல முடியாது. சொன்னால் அர்த்தம் போய்விடும். சொல்லாவிட்டால் பெண் மேடையில் வெறும் கையோடு நிற்பாள். இந்த மாதிரி இடத்தில்தான் எழுத்தாளர்கள் முடிவுகளைக் கண்டுபிடிக்கிறார்கள்.

முடிவு ஒன்று: லவீனா மேடையில் முழங்குகிறாள். தலைவர் கண்ணீர் மல்கத் தங்கப் பதக்கம் அணிவிக்கிறார்.

[எங்கள் ஊரில் தங்கம் கொடுக்க யாருக்கும் தைரியம் வராது. எங்கிருந்து வந்தது என்று போலீஸ் கேட்கும்.]

முடிவு இரண்டு: அவள் போட்டிக்கே போகவில்லை. அன்று அவளுக்குக் காய்ச்ச

[காய்ச்சலைக் கொண்டுவருகிற கதாசிரியனுக்கு அது வரட்டும்.]

முடிவு மூன்று என்று எதையும் நான் எழுதவில்லை. போன வெள்ளிக்கிழமை நடந்தது, அவ்வளவுதான். பள்ளிக்கூடத்து மண்டபம். மேடையில் தலைவர், அவர் கழுத்தில் அவரைவிடப் பெரிய மாலை. ஜானகி சீதையானாள். ஞானசுந்தரி ஞானமும் அழகுமாகிப் பாதியில் மறந்து உட்கார்ந்தாள். கடைசி பெஞ்சில் தம்மபாலன், ஷிப்டு முடிந்து நேராக வந்தவன், தலை தொங்கத் தூங்கிக்கொண்டிருந்தான். பக்கத்தில் லீலா. எனக்குப் பக்கத்தில் நெடுஞ்செழியன், 'உலவும் வீணை' வரும்போது எழுந்து நிற்பதற்கு வேட்டியைச் சரிசெய்து வைத்திருந்தார்.

"அடுத்து, லவீனா!" என்று மைக்கில் கூப்பிட்டார் வாத்தியார்.

யாரும் வரவில்லை. மேடை ஓரத் திரைக்குப் பின்னால் ஒரு ஜோடி கால் மட்டும் தெரிந்தது. அசையவில்லை.

"லவீனா!"

"தோ கீறேன்!"

கடைசி பெஞ்சிலிருந்து. தம்மபாலன் எழுந்து நின்றுகொண்டிருந்தான். கண் இன்னும் திறக்கவில்லை. கை மட்டும் எதையோ நீட்டியது, டிபன் கேரியரைப் போல.

மண்டபம் வெடித்துச் சிரித்தது. தலைவர் மாலையைப் பிடித்துக்கொண்டார். லைன் பெண்கள் ஒருத்தி மேல் ஒருத்தி சாய்ந்து சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். லீலா புருஷன் சட்டையை இழுத்து உட்காரவைத்தாள், விடவில்லை, பிடித்துக்கொண்டே இருந்தாள்.

திரைக்குப் பின்னாலிருந்த கால்கள் நடந்து வந்தன. லவீனா அப்பாவைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள். சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்தாள். கையில் எதுவும் இல்லை. மைக்கைத் தன் உயரத்துக்கு இறக்கிக்கொண்டாள்.

"என் பேருக்கு அர்த்தம்" என்றாள்.

அவள் சொன்னதை நான் கேட்டேன். நெடுஞ்செழியன் எழுந்திருக்கவில்லை என்பதை மட்டும் சொல்லலாம். மற்றதை நான் எழுத மாட்டேன். லீலாவுக்கு வாக்குக் கொடுத்திருக்கிறேன், அந்த வாக்கு இதற்கும் பொருந்துமா என்று தெரியவில்லை. உங்களுக்காக இடம் விட்டிருக்கிறேன்:

[                              ]

பென்சில், பேனா, கரி, எதனால் வேண்டுமானாலும் எழுதுங்கள். சாக்பீஸ் மட்டும் வேண்டாம்.