ரீஸின் பெயர் வர வேண்டிய இடம்

என் கணவன் ரீஸ் இறந்த மாதமே அவனுடைய கையடக்க விளையாட்டுக் கருவியின் திரையும் போய்விட்டது. முன்பெல்லாம் இயக்கியதும் அவன் பெயர் வரும். கீழே எனக்காக அவனே அடித்து வைத்திருந்த வரி: "மெரின், டீ போட்டியா?" மருத்துவமனைப் படுக்கையிலும் அதைத் தூக்கிக் காட்டித்தான் கேட்பான். அதை இன்னொரு முறை பார்க்க வேண்டும். எனக்கு வேண்டியது அவ்வளவுதான்.

எங்கள் ஊரான பர்னியில் பழைய வீடியோ விளையாட்டுக்காரர்கள் சனிக்கிழமைகளில் கூடுவார்கள். ரீஸின் உயிர் நண்பன் டேமோ அங்கே பெரிய ஆள். அந்த விளையாட்டுகளைக் கணினியில் ஓட்ட, கருவிக்குள் இருக்கும் அடிப்படைக் கோப்புகள் தேவை. கருவிக்காரரின் பெயரும் வரியும் அவற்றில்தான் பதிந்திருக்கும். அவரவர் கருவியிலிருந்துதான் எடுக்க வேண்டும் என்பது அவர்களுடைய கட்டுப்பாடு. இணையத்திலிருந்து இறக்கியவனை டேமோ மாதக்கணக்கில் கிண்டலடிப்பான்.

"குடு, திரையை மாத்தி, கோப்பையும் எடுத்துத் தர்றேன்," என்று அவன்தான் வாங்கிப் போனான். பிறகு ஒரு பென் டிரைவோடு வந்தான்.

"உள்பலகை எரிஞ்சுபோச்சு மெரின். நல்லவேளை, அதுக்கு முன்னாடியே எடுத்துட்டேன்."

அழுதேன். அவனுக்குக் கேக் வெட்டிக் கொடுத்தேன்.

கணினியில் அதிலிருந்த மூன்று கோப்புகளையும் ஒவ்வொன்றாகத் தேர்ந்தெடுத்தேன். மென்பொருள் வழக்கமாகத் தன்னிடமுள்ள பொதுப் பெயரையே காட்டும். கோப்பிலிருக்கும் பெயர் வர வேண்டுமானால் ஒரு சிறு கட்டத்திலுள்ள டிக் குறியை எடுக்க வேண்டும். பெரும்பாலோர் அதைத் தொடுவதில்லை. நான் எடுத்தேன்.

'ஷேன்' என்று வந்தது. கீழே, 'பெர்த் ராஜா'.

சனிக்கிழமைக் கூட்டத்தில் டேமோ சாசேஜ் வாட்டிக்கொண்டிருந்தான்.

"ஷேன் யாரு, டேமோ?"

"எந்த ஷேன்?"

"ரீஸோட கோப்புக்குள்ள குடியிருக்கறவன்."

பக்கத்தில் ரொட்டி அடுக்கிக்கொண்டிருந்த க்வெண்டா சிரித்துவிட்டாள். "ஏண்டா, நீயே இறக்கிட்டியா?"

டேமோ சிரிக்கவில்லை. "திரை மாத்தினதும் புதுசு மாதிரி ஆயிடுச்சு. மெல்போர்ன் சந்தையில ஒருத்தன் கேட்டான். நான் ரொம்ப நாளா தேடின கருவி அவன்கிட்ட இருந்துச்சு, மாத்திக்கிட்டேன்."

"அதுல இருந்த ரீஸோட பேரு?"

"அழிச்சுட்டுத்தான் குடுத்தேன். உனக்கு விளையாட்டுதானே வேணும்னு நெனச்சு, நெட்டுல இருந்து இறக்கிக் குடுத்தேன். ரீஸ் இருந்தா புரிஞ்சுக்குவான்."

"அவன் இருந்தா அது உன் கைக்கே வந்திருக்காது."

வீட்டுக்கு வந்து மென்பொருளின் அமைப்புகளைத் திறந்தேன். பெயரையும் வரியையும் நாமே நிரப்பிக்கொள்ள அதில் இடம் இருக்கிறது. 'ரீஸ்' என்று அடித்தேன். வரிக்கான கட்டத்தில் கை நின்றது. நானே அடித்தால், டீ போட்டியா என்று கேட்பவளும் நான்தான்.

பெயரை அழித்தேன். ஷேன் இருந்துவிட்டுப் போகட்டும். அவனாவது தன் வரியைத் தானே எழுதியவன்.