பொட்டு வைத்த ஸ்டூல்

ஆயுதபூஜையன்று காலையில் எர்ணாவூர் ரப்பர் கம்பெனி வாசலில் ஷேர் ஆட்டோ நின்றபோது, முதலில் இறங்கியது ஒரு மர ஸ்டூல். அதைப் பிடித்துக்கொண்டு, அங்கே லைனில் வேலை செய்யும் ராமசெல்வி இறங்கினாள். கடைசியாக, கம்பியை முழங்கையால் வளைத்துப் பிடித்தபடி ஸ்டூலுக்குச் சொந்தக்காரி செங்கொடி இறங்கினாள். காலை வேளையில் அவள் விரல்கள் அவள் பேச்சைக் கேட்பதில்லை.

மூட்டை முடக்கும் சரவாங்கி என்றாள் புளியந்தோப்பில் பக்கத்து வீட்டுக்காரி. இ.எஸ்.ஐ. டாக்டர் வேறொரு நீளமான பெயர் சொன்னார். பெயர் எதுவானால் என்ன, முட்டி வீங்கியது வீங்கியதுதான். மோட்டார்களுக்குப் போகும் ரப்பர் வளையங்களில் கீறல், கொப்புளம் பார்த்துக் கழித்துப்போடும் மேஜை அவளுடையது. கண்ணுக்கும் கைக்கும்தான் அங்கே வேலை. ஆனாலும் ஷிஃப்ட் முழுக்க நிற்க வேண்டும். உட்கார்ந்தால் தூக்கம் வரும் என்பது கம்பெனியின் கண்டுபிடிப்பு. கண்டுபிடித்தவர் ஏசி அறையில் சுழல் நாற்காலியில் இருந்தார்.

உட்கார்ந்து வேலை செய்ய வேண்டும் என்று டாக்டர் எழுதிக் கொடுத்ததை அவள் சூப்பர்வைசர் வேலப்பனிடம் காட்டியிருந்தாள்.

"உனுக்கு ஸ்டூலு குடுத்தா நாளைக்கு லைனு பூரா கேக்கும். முடிலன்னா வேலைய வுட்டுட்டு வூட்ல ரெஸ்ட் எடு."

"நின்னுகினு வேல செய்றவங்களுக்குக் குந்த எடம் குடுக்கணும்னு சட்டத்துலயே கீது சார். நான் இன்னா சோஃபாவா கேட்டேன்?"

அவளே ஸ்டூல் வாங்கி வந்தாள். மதியத்துக்குள் அது வாட்ச்மேன் கொட்டகைக்குப் போய்விட்டது. மறுபடி உள்ளே கொண்டுவந்தபோது, இனி அது வந்தால் அவளும் அதோடு வெளியே போகலாம் என்று சொல்லிவிட்டார்கள். நல்ல முட்டியாக இருந்தபோது வாங்கிக்கொண்டார்கள், வீங்கியதும் வேண்டாமாம்.

அந்தக் கம்பெனியில் ஒரு வழக்கம் உண்டு. பூஜையில் வைத்த எதையும் அடுத்த ஆயுதபூஜை வரை வெளியே அனுப்பக் கூடாது. ஒருமுறை, வைத்த பொட்டுக் காய்வதற்குள் பழைய பிரஸ் மெஷினைக் காயலான் கடைக்குத் தள்ளினார் முதலாளி. அதே வாரம் குடோன் தீப்பிடித்தது. அன்றிலிருந்து பொட்டு வைத்த துடைப்பத்தைக்கூட அவர் தூக்கிப் போட விடுவதில்லை.

செங்கொடியின் வீட்டில் இருப்பது புத்தர் படமும் அம்பேத்கர் படமும். பூஜையன்று அவள் ஓரமாக நிற்பாள். பொரி சுண்டலை மட்டும் மறுக்காமல் வாங்கிக்கொள்வாள். இந்த வருஷம் ஓரமாக நிற்கவில்லை. ஸ்பேனர்கள், தராசு, தள்ளுவண்டி என்று கழுவி அடுக்கியிருந்த வரிசையில், தராசுக்குப் பக்கத்தில் ஸ்டூலை வைத்தாள். வேலப்பன் பாய்ந்து வருவதற்குள் முதலாளி சந்தனக் கிண்ணத்தோடு வந்துவிட்டார்.

"இது யாருது?"

"என்னுதுங்கய்யா. இது இல்லாங்காட்டி என்னால வேல செய்ய முடியாது."

முதலாளி ஸ்டூலைப் பார்த்தார், வேலப்பனைப் பார்த்தார். வரிசையில் வந்துவிட்ட பொருளைத் தாண்டிப் போக அவருக்குத் தைரியம் வரவில்லை. பலகையின் நடுவில் சந்தனம் அப்பிக் குங்குமம் வைத்தார். கிண்ணத்தை அவள் பக்கம் நீட்டினார்.

"எனுக்கு வேணாங்கய்யா. ஸ்டூலுக்கு வெச்சீங்களே, அது போதும்."

லீவு முடிந்து வந்தபோது மேஜைக்கு முன்னால் ஸ்டூல் இருந்தது. பக்கத்தில் வேலப்பன் சிரித்துக்கொண்டு நின்றான்.

"மொதலாளி கையால பொட்டு வெச்சது. சாமி பொருளு மேல குந்துவியா? கும்புட்டுட்டு ஓரமா வெச்சிட்டு வேலையப் பாரு."

லைனில் கைகள் நின்றன. செங்கொடி இதை யோசிக்கவே இல்லை. பொட்டு வைத்த பொருளின் மேல் கால் பட்டாலே கன்னத்தில் போட்டுக்கொள்ளும் பழக்கம் அவள் வீட்டில் இருந்திருந்தால் யோசித்திருப்பாள். ராமசெல்வியைப் பார்த்தாள். வெள்ளிக்கிழமை தவறாமல் திருவொற்றியூர் கோயிலுக்குப் போகும் அவளோ தலையைக் குனிந்துகொண்டாள். தானே கோட்டை விட்டுவிட்டதுபோல் செங்கொடிக்கு ஆத்திரம் வந்தது. அப்போது லோடிங் வாசலில் லாரி உறுமியது. செங்கொடி அந்தப் பக்கம் கையைக் காட்டினாள்.

"அந்த வண்டி சீட்டுக்கும்தான் பொட்டு வெச்சாரு. டிரைவரு நின்னுகினா ஓட்டினு போறாரு சார்?"

யாரோ சிரித்தார்கள். செங்கொடி மேஜையைப் பிடித்துக்கொண்டு, முட்டி மடங்கும் வலியைப் பல்லில் கடித்து, பொட்டின் மேல் உட்கார்ந்தாள். முதல் வளையத்தை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தாள்.

வேலப்பன் ஏசி அறைக்குப் போனான். கண்ணாடிக்குப் பின்னால் அவன் கை ஆட்டிப் பேசுவதும், முதலாளி ஸ்டூல் பக்கம் பார்ப்பதும் தெரிந்தது. யாரும் வெளியே வரவில்லை.

டீ மணி அடித்ததும் எழுந்தாள். அவளுடைய நீலக் கோட்டின் பின்பக்கம் குங்குமம் அப்பியிருந்தது. ராமசெல்வி தட்டிவிட வந்தாள்.

"வுடு, கெடக்கட்டும்."

கண்ணாடி அறையைத் தாண்டி மெதுவாக நடந்தாள். இப்போது அவளுக்கு அந்த நடைதான் உண்டு. கதவருகே திரும்பிப் பார்த்தபோது, ராமசெல்வி ஸ்டூலைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, அதன் மேல் உட்கார்ந்து காலை நீட்டினாள்.